பூட்டிய கோப்பு யார் பொறுப்பு?

விண்டோஸ் கணினி ஒவ்வொன்றிலும் 'சாம்' என்றொரு கோப்பு உண்டு. அந்தக் கணினியில் உள்ள கணக்குகளின் பாஸ்வேர்டுகள் ஹாஷ் என்னும் மறைவடிவில் அதில் இருக்கின்றன. கணினி ஓடிக்கொண்டிருக்கும்போது வேறு யாரும் திறக்க முடியாதபடி விண்டோஸே அதைப் பூட்டி வைத்திருக்கும். அந்தப் பூட்டைத் தாண்டி நகலெடுத்துத் தரும் கருவிகள் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன.

இவற்றைத் தடை செய்யச் சொல்வது எளிது, பயன் இராது. பேக்கப் மென்பொருள்களும் நிழல் நகல் (ஒரு நேரத்தில் வட்டு இருந்தபடியே எடுக்கும் நகல்) என்ற இதே வழியை நம்பியிருக்கின்றன. சைபர் குற்றங்களை ஆராய்பவர்களுக்கும் அது வேண்டும். ஆபத்து, எடுத்த நகல் எங்கே போகிறது என்பதில் இருக்கிறது. ஹாஷை உடைக்கக்கூடத் தேவையில்லை. அதையே காட்டி அடுத்த கணினிக்குள் நுழைந்துவிடும் உத்தி உண்டு. அலுவலகம் முழுக்க ஒரே அட்மின் பாஸ்வேர்டு என்றால், ஒரு கணினி போனால் எல்லாம் போனது.

2021 ஜூலையில் விண்டோஸ் 10-இல் வெளிப்பட்ட குறையை நாம் மறந்துவிடக் கூடாது. நிழல் நகல் இருந்த கணினிகளில், அட்மின் உரிமை இல்லாதவரும் சாம் கோப்பைப் படிக்க முடிந்தது. மைக்ரோசாஃப்ட் அடுத்த மாதமே திருத்தம் தந்தது. ஆனால் பழைய நிழல் நகல்களைக் கணினியை வைத்திருப்பவரே அழிக்க வேண்டியிருந்தது. நிறுவனம் பாதி வேலையைச் செய்தது. மீதி நம் கையில் இருந்தது.

மறைப்பது இன்னொரு கேடு. 2019 அக்டோபர் 29 அன்று இணையத் தாக்குதல் செய்தியைக் கூடங்குளம் அணுமின் நிலையம் மறுத்தது. நிர்வாகப் பணிக்கான ஒரு கணினியில் தீநிரல் இருந்ததை இந்திய அணுமின் கழகம் மறுநாளே ஒப்புக்கொண்டது. 2022 ஏப்ரலில் இந்திய அரசின் இணையப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் பிறப்பித்த உத்தரவுப்படி, இத்தகைய ஊடுருவலை அறிந்த 6 மணி நேரத்துக்குள் அதனிடம் தெரிவிக்க வேண்டும்; லாக் பதிவுகளை 180 நாள் காக்க வேண்டும்.

சென்னையின் ஓஎம்ஆர் சாலையில் நாவலூர் முதல் சிறுசேரி வரை பெரிய ஐடி நிறுவனங்களுக்கு இதற்கென்று ஆட்கள் உண்டு. அந்த நிறுவனங்களை நம்பி வேலை செய்யும் சிறு அலுவலகங்களுக்கும், லேப்டாப் சர்வீஸ் கடைகளுக்கும், ஓஎம்ஆர் கல்லூரிகளின் ஆய்வகங்களுக்கும் இல்லை. பெரிய நிறுவனங்கள் தம் பாதுகாப்புக் குழுவினரை மாதம் ஒரு மாலை இவர்களுக்காக அனுப்பலாம். சர்வீஸ் கடைக்காரர் வாடிக்கையாளரிடம் எழுத்தில் ஒப்புதல் வாங்கிய பிறகே இந்தக் கருவியைத் தொடட்டும். வேலை முடிந்ததும் நகலை வாடிக்கையாளர் கண்ணெதிரே அழிக்கட்டும். லேப்டாப்பைத் திரும்ப வாங்குபவரும் அன்றே பாஸ்வேர்டை மாற்றிவிட வேண்டும்.