விடுதலைக்கு விலை கொடுத்த நாடு

கரிபியன் கடலில், கியூபாவுக்குக் கிழக்கேயுள்ள தீவொன்றின் மேற்குப் பாகமே ஹெயிட்டி. தேசப்படத்தில் தேடும் மாணவர் கண்ணுக்கு அது மிகச் சிறிய நாடாகவே தோன்றும். எனினும், அடிமைகள் தாமே படைதிரட்டி எழுந்து, தமக்கென ஓர் அரசை நிறுவிய பெருமை அந்நாட்டுக்கே உரியது. 1791இல் மூண்ட கிளர்ச்சி, நெப்போலியன் அனுப்பிய படையையும் முறியடித்து, 1804 ஜனவரி 1இல் சுதந்திரப் பிரகடனத்தில் முடிந்தது. பிரகடனஞ் செய்த தெசலின் 1806இல் தம்மவராலேயே கொலையுண்டார். நாடும் வடக்கு, தெற்கெனப் பிளவுபட்டது.

இவ்வுட்பகையைக் காட்டி, ஆளத் தெரியாத மக்கள் என்று பழிகூறுவார் அன்றும் இருந்தனர், இன்றும் உளர். கணக்கேட்டைப் புரட்டுவோரோ வேறொரு கதையைக் காண்பர்.

1825இல் பிரெஞ்சு மன்னன் பத்தாம் சார்ள்ஸின் போர்க்கப்பல்கள் போட்டோ பிரின்ஸ் துறைமுகத்தின் முன் வந்து நின்றன. சுதந்திரத்தை அங்கீகரிப்பதாயின் 15 கோடி பிராங்கு செலுத்தல் வேண்டும் என்பது மன்னன் ஆணை. எதற்காக? தோட்டங்களையும் அடிமைகளையும் இழந்த துரைமாருக்கு நட்டஈடாம்! லூயிசியானா என்னும் பெரு நிலப்பரப்பு முழுவதையுமே 1803இல் பிரான்ஸ் 8 கோடி பிராங்குக்குத்தான் அமெரிக்காவுக்கு விற்றது என்பதை நினைத்தால், இத்தொகையின் அநியாயம் விளங்கும்.

ஜனாதிபதி புவாயே இணங்கினார். முதல் தவணையான 3 கோடியைக் கட்டக் கையிற் பணமில்லை. பாரிஸ் வங்கியாரிடமே கடன் பட்டார். 3 கோடிக்குக் கையொப்பமிட்டும், கழிவு போகக் கைக்கு வந்தது 2 கோடி 40 இலட்சமே. 1838இல் மொத்தத் தொகை 9 கோடியாகக் குறைக்கப்பட்டது உண்மைதான். ஆயினும், கடனைத் தீர்க்கக் கடன், அதற்கு வட்டி என்று சுமை நீண்டது. மலைச்சரிவிற் கோப்பி பறித்த குடியானவனின் உழைப்பு பள்ளிக்கூடமாகவோ வீதியாகவோ மாறாமல் கப்பலேறிப் போயிற்று.

1915 முதல் 1934 வரை அமெரிக்கப் படை அங்கு தங்கியிருந்தது. பழைய கடனின் வால் 1947இலேயே அறுந்தது. பத்தாண்டு கழிந்ததும், 1957இல், டுவாலியே குடும்பத்தின் கொடுங்கோலாட்சி தொடங்கிற்று. தந்தையும் மகனுமாக 1986 வரை ஆண்டனர்.

செலுத்திய பணத்தைத் திருப்பித் தரும்படி 2003இல் கேட்டவர் ஜனாதிபதி அரிஸ்டீட். அவர் கேட்ட தொகை 2,100 கோடி டொலருக்கும் மேல். மறு ஆண்டு பெப்ரவரியில் அவர் பதவியிழந்து நாட்டைவிட்டு வெளியேறினார். 2025 ஏப்ரலில், அவ்வாணை பிறந்து இருநூறு ஆண்டு நிறைந்த நாளில், இரு நாட்டு வரலாற்றாசிரியரையுங் கொண்ட குழுவொன்று இதனை ஆராயும் எனப் பிரெஞ்சு ஜனாதிபதி மக்ரோன் அறிவித்தார். பணத்தைத் திருப்பிக் கொடுப்பதாக அவர் வாக்களிக்கவில்லை.