பென்ஷன் காகிதத்தில் உங்கள் பெயர் இருக்கிறதா?



போன வாரம் மத்தியானம் சாப்பாட்டுக் கடை முடித்து உட்கார்ந்தேன். எதிர் வீட்டு அக்கா மஞ்சப்பையும் கையுமாக வந்தார். அவர் வீட்டுக்காரர் ராணுவத்தில் ஹவில்தாராக இருந்து ரிடையர் ஆனவர். அப்புறம் இங்கே ஒரு பனியன் கம்பெனியில் வாட்ச்மேன் வேலை பார்த்தார். காலமாகி ஆறு மாதமாகிறது. அக்காவுக்கு இன்னும் குடும்ப பென்ஷன் வரவில்லை. பீஸ் கணக்கில் பனியன் மடித்துத்தான் ஜீவனம்.

"ஏங் கண்ணு, இருபத்தஞ்சு வருசம் அவியளோட குடும்பம் பண்ணுனேன். இப்பப் போயி நாந்தான் சம்சாரமான்னு காயிதம் கேக்குறாங்க" என்று சொல்லி அழுதுவிட்டார்.

பையைக் கொட்டிப் பார்த்தோம். விஷயம் ரொம்பச் சின்னது. பட்டாளத்து ரெக்கார்டில் வீட்டில் கூப்பிடும் பெயர், ஆதாரில் பள்ளிக்கூடப் பெயர். பிறந்த தேதியும் இரண்டில் இரண்டு விதம். இவ்வளவுதான்!

எனக்கு எங்கள் அம்முச்சி ஞாபகம் வந்துவிட்டது. அப்புச்சி மலேயாவுக்கு ரப்பர் தோட்ட வேலைக்குப் போனவர். 1943-ல் நேதாஜி அங்கே வந்தபோது இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்தார். சண்டை முடிந்ததும் வெள்ளைக்காரன் சிறை. ஊர் திரும்பும்போது கட்டின வேட்டியைத் தவிர கையில் ஒன்றுமில்லை. சுதந்திர வெள்ளிவிழாவை ஒட்டி 1972 ஆகஸ்ட் 15-லிருந்து மத்திய அரசு தியாகிகளுக்கு பென்ஷன் கொடுக்க ஆரம்பித்தது. அப்போது மாதம் 200 ரூபாய். நேதாஜி படைக்காரர்களுக்கும் உண்டு. ஆனால் ஆறு மாதமாவது சிறையில் இருந்ததற்குச் சான்று வேண்டும். (பெண்களுக்கு மூன்று மாதம் போதும்.) ரெக்கார்டு கிடைக்காவிட்டால் கூடவே சிறையில் இருந்தவர் எழுதித் தரவேண்டும். அப்படி ஒருவரைத் தேடி அப்புச்சி எத்தனை ஊர் பஸ் ஏறினார் என்று அம்மா கதை கதையாகச் சொல்லுவார்.

பென்ஷன் கிடைத்ததும் அவர் செய்த முதல் காரியம் என்ன தெரியுமா? அம்முச்சியை ஸ்டூடியோவுக்கு அழைத்துப்போய் ஜோடியாக ஒரு போட்டோ எடுத்தார். அவர் பெயரையும் பிறந்த தேதியையும் காகிதத்தில் ஏற்றினார். "நான் பட்ட பாடு நீ படக்கூடாது" என்றாராம். அவர் கண் மூடின பிறகு அம்முச்சி பெயருக்குப் பணம் மாற அதிக நாள் ஆகவில்லை.

இது நம் ஊர்க் கதை மட்டுமல்ல. அமெரிக்காக்காரர்கள் இங்கிலாந்தோடு சண்டை போட்டு விடுதலை வாங்கினார்களே, அந்தச் சிப்பாய்களின் விதவைகளுக்கு 1836-ல் பென்ஷன் சட்டம் வந்தது. அந்தக் காலத்தில் கல்யாணப் பதிவு ஏது? வீட்டு பைபிளின் முன்பக்கத்தில் கல்யாண நாளையும் பிள்ளைகள் பிறந்த நாளையும் எழுதி வைப்பார்கள். பல பெண்கள் அந்தப் பக்கத்தையே கிழித்து சர்க்காருக்கு அனுப்பியிருக்கிறார்கள். அவை இன்றைக்கும் அங்கே அரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. சண்டை முடிந்தது 1783-ல். அந்த பென்ஷன் வாங்கிய கடைசி விதவை எஸ்தர் டேமன் இறந்தது 1906-ல்! சிப்பாய் துப்பாக்கியைக் கீழே வைத்த பிறகும் வீட்டுக்காரி காகிதத்தைக் கீழே வைக்க முடிவதில்லை.

கணவர் பட்டாளத்தில் இருக்கும் சகோதரிகளும், ரிடையர் ஆனவர் வீட்டுச் சகோதரிகளும் இதைக் கவனியுங்கள்:

கல்யாணமும் குழந்தை பிறப்பும் அவருடைய யூனிட்டில் 'பார்ட் டூ ஆர்டர்' ஆகிவிட்டதா என்று கேளுங்கள்.

டிஸ்சார்ஜ் புக், பி.பி.ஓ. என்கிற பென்ஷன் ஆர்டர், ஆதார், பாங்குப் புத்தகம் நான்கிலும் உங்கள் பெயரும் பிறந்த தேதியும் ஒரே மாதிரி இருக்கவேண்டும். இனிஷியல் மாறினாலும் தொல்லைதான். அவர் இருக்கும்போதே திருத்துவது சுலபம்.

பென்ஷன் கணக்கு இரண்டு பேர் பெயரிலும் இருக்கட்டும். எல்லாவற்றுக்கும் இரண்டு ஜெராக்ஸ் எடுத்து, ஒன்றைப் பிறந்த வீட்டில் கொடுத்து வையுங்கள்.

மாவட்டந்தோறும் முன்னாள் படைவீரர் நல அலுவலகம் இருக்கிறது. விண்ணப்பம் எழுத அங்கே வழிகாட்டுவார்கள். புரோக்கருக்குப் பணம் அழவேண்டாம்.

இன்னொன்று. பென்ஷன் வாங்கிவந்தவர் இறந்தால் முதல் ஏழு வருடம், அல்லது அவருக்கு 67 வயது ஆகியிருக்கக்கூடிய நாள் வரை, இதில் எது முந்தியோ அதுவரை குடும்ப பென்ஷன் கூடுதலாக வரும். பிறகு குறையும். கூடுதல் தொகையை நம்பி நீண்டகாலக் கடன் வாங்காதீர்கள்.

அக்காவோடு நானும் நல அலுவலகத்துக்குப் போய்வந்தேன். பெயர் திருத்த மனு கொடுத்திருக்கிறோம். பணம் வரும் வரை அக்காவுக்கு பனியன் மடிப்புத்தான்.

"புருசன் நல்லா இருக்கறப்போ இதைப் பேசுனா அபசகுனம்" என்று சொல்லாதீர்கள். ஜோடி போட்டோ எடுத்த பிறகும் எங்கள் அப்புச்சி நெடுநாள் நன்றாகத்தான் வாழ்ந்தார்! இன்றைக்கு ராத்திரி பாத்திரம் கழுவி முடித்ததும், பீரோவைத் திறந்து அந்தக் காகிதத்தை ஒரு தடவை வாசித்துப் பாருங்கள்.