திருப்பூர் மண்ணில் இனியும் உப்பா?

ஐப்பசியில் இரண்டு மழை பெய்தால் போதும், திருப்பூரில் காலி மனையெல்லாம் பார்த்தீனியம். கூடவே அந்த அறிவுரையும் முளைத்துவிடும்: "ஒரு லிட்டர் தண்ணிக்கு 200 கிராம் கல்லுப்பு, கொஞ்சம் சோப்புக் கரைசல். அடிச்சா செடி காலி. செலவில்லை, இயற்கை முறை." வருஷக்கணக்கில் கேட்டுப் பொறுத்தேன். போன மாதம் எங்கள் பகுதிக் கூட்டத்தில் ஒருவர் இதையே மைக்கில் சொல்ல, எல்லாரும் கை தட்டினார்கள். இனி பேசாமல் இருக்க முடியாது.

செலவில்லையாம். வருஷா வருஷம் வாங்கும் மூட்டையைக் கூட்டிப் பார்க்கட்டும்.

செடி காலியாம். இலை கருகும், அவ்வளவுதான். கேரட் இலை போலத் தரையோடு ஒட்டிக் கிடக்கும் இளஞ்செடியை யாரும் கண்டுகொள்வதில்லை. இடுப்பளவு வளர்ந்து வெள்ளைப் பூ பூத்த பிறகுதான் உப்பு ஞாபகம் வருகிறது. ஒரு செடி பத்தாயிரத்துக்கு மேல் விதை போடும். நாம் தெளிப்பானைத் தூக்குவதற்குள் பாதி கொட்டியிருக்கும்.

இயற்கை முறையாம். என்னால் தாங்க முடியாத சொல் இதுதான். நொய்யல் ஆற்றைக் கெடுத்ததும் இதே உப்புதானே? இங்கே சாயப்பட்டறைகளில் சாயம் துணியில் ஏற உப்பு வேண்டும். நிறம் துணியோடு போனது, உப்பு தண்ணீரோடு போனது. பாசனத்துக்கென்று கட்டிய ஒரத்துப்பாளையம் அணை சாயத்தண்ணித் தொட்டியானது. ஆயக்கட்டு விவசாயிகள் நீதிமன்றம் போனார்கள். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. இன்று பட்டறைக்காரர்கள் கழிவுநீரை வடிகட்டி, காய்ச்சி, உப்பைப் பிரித்தெடுக்கக் கோடிகளைக் கொட்டுகிறார்கள். பட்டறைக்குள் அப்படிப் பிரித்தெடுக்கும் உப்பை, வெளியே நாம் காசு கொடுத்து வாங்கி மண்ணில் ஊற்றுகிறோம்.

கணக்குப் போடுங்கள். 15 லிட்டர் டேங்குக்கு மூன்று கிலோ உப்பு. நாலு டேங்க் அடித்தால் 12 கிலோ. இலை மட்கும், வேர் மட்கும், உப்பு மட்காது. மழை பெய்தால் கரைந்து கிணற்றுப் பக்கம் இறங்கும், வெயில் அடித்தால் மேலே வந்து பூக்கும். எதிர்வீட்டுப் பொடக்காலியில் இரண்டு தடவை அடித்தார்கள். மண் இறுகி, சுண்ணாம்பு தெளித்த மாதிரி வெளுத்தது. ஆள் உயரக் கறிவேப்பிலைக்கு இலை ஓரமெல்லாம் தீய்ந்துவிட்டது. வேலியோரத்தில் மட்டும் புதிதாக நாலு பார்த்தீனியம், பச்சைப்பசேலென்று.

வேறு வழியில்லையாம், கை வைத்தால் அரிக்குமாம். அரிக்கும்தான், சிலருக்கு மூச்சே இரைக்கும். பனியன் கம்பெனி ஊரில் பாலிதீன் கவருக்கா பஞ்சம்? கையில் மாட்டிக்கொண்டு, மூக்கைத் துணியால் கட்டிக்கொண்டு, பூக்கும் முன், மண் ஈரமாக இருக்கும்போதே பிடுங்குங்கள், வேரோடு வரும். 1984இல் பெங்களூரில் கொண்டுவந்து விட்ட மெக்சிகோ வண்டு மழைக்காலத்தில் பார்த்தீனிய இலையைத் தின்னும். கண்ணில் பட்டால் மருந்தடித்துக் கொல்லாதீர்கள். பிடுங்கிய இடத்தில் பார்த்தீனியம் மறுபடி தலைதூக்காதிருக்க ஆவாரை விதையைத் தூவுங்கள்.

அடுத்த கூட்டத்தில் யாராவது உப்பு என்று ஆரம்பித்தால், அவரை அந்தக் கறிவேப்பிலை மரத்தடிக்கு அழைத்துப் போகப் போகிறேன்.