ஒட்டுற டேப்பு இல்ல, உரியிற டேப்பு வேணும்

பொங்கலுக்கு முன்னால வீட்டுக்கு வெள்ளையடிக்கறது எங்க பக்கம் விடாத வழக்கமுங்க. போன வருசம் முன்னறைக்கு மட்டும் எமல்ஷன் அடிச்சோம். மேல மஞ்சள், கீழ ரெண்டடிக்குக் காவி. நடுக்கோடு நேரா வரட்டும்னு, பனியன் கம்பெனியில பேக்கிங் வேலை பாக்குற பையன் பெட்டி ஒட்டுற பிரவுன் டேப்பைக் கொண்டுவந்தான்.

பெயிண்டர் தம்பி பாத்ததுமே, "ஏனுங்ணா, இது பெயிண்டையும் கூட்டிட்டு வந்துருமுங்க"ன்னான். நான்தான் கேக்கல. நல்லா ஒட்டுதே, அப்புறமென்னன்னு நெனச்சேன். மறுநாள் உரிச்சா மஞ்சளும் அடியில இருந்த பட்டியும் பத்தை பத்தையா வந்துருச்சு. காப்புக் கட்டுக்கு ரெண்டு நாள்தான் இருந்துச்சு. திரும்பப் பட்டி வெச்சு, தேய்ச்சு, அடிச்சு, ஒரு ஆள் கூலி தண்டம். பையன் ரெண்டு நாளா என் முகத்தைப் பாக்கல. தப்பு என்னுதுதான்.

நாம டேப்பு வாங்கினா எவ்வளவு இறுக்கமா ஒட்டும்னுதான் பாக்குறோம். பெயிண்ட் வேலைக்கு அது நேர் எதிர். கொஞ்சமா ஒட்டி, சேதாரமில்லாம உரியணும். இதே பாடு அமெரிக்காவுலயும் இருந்திருக்கு. ரெண்டு கலர் கார் அடிக்கறவங்க பேப்பரைப் பசை போட்டு ஒட்டி, உரிக்கும்போது பெயிண்டையும் பேத்திருக்காங்க. அதைப் பட்டறையில பாத்த ரிச்சர்ட் ட்ரூங்கிறவர் 3எம் கம்பெனியில இருந்து 1925-ல மாஸ்கிங் டேப்பைக் கொண்டுவந்தார். உப்புத்தாள் சோதிச்சுப் பாக்கப் போன ஆளுங்க அவரு.

வீட்டுக்குள்ள சுவத்துக்கு அந்த வெளிர்மஞ்சள் காகித டேப்பு, ஒரு இஞ்ச் அகலம், போதும். அடியில அடிச்ச பெயிண்ட் ஒரு நாளாவது நல்லாக் காயணும். மூலையில ஒரு சாண் ஒட்டி உரிச்சுப் பாத்துக்குங்க. ஓரத்தை நகத்தால அழுத்தி விடுங்க, இல்லாட்டி பெயிண்ட் உள்ள கசியும். மேல அடிச்சது லேசா ஈரமா இருக்கும்போதே, பின்னாடி மடக்கி மெதுவா உரிக்கணும். முழுசாக் காஞ்சுட்டா ஓரத்துல பிளேடால கீறிட்டு உரிங்க. அன்னைக்கே எடுத்துரணும். வெயில் படுற எடத்துல விட்டுட்டா பசை இளகிச் சுவத்துலயே தங்கிரும். நாலஞ்சு நாள் இழுக்குற வேலைன்னா நீல டேப்பு வாங்குங்க, வெல கூடத்தான். ஒரே நாள்ல முடியிற ரூமுக்கு ஆன்லைன்ல அதைத் தேடறது வீண் செலவு.

சுண்ணாம்புச் சுவத்துக்கு எந்த டேப்பும் ஆகாதுங்க. பொடி ஒட்டிக்கிட்டு டேப்பு தானா விழும். எங்க மாட்டுக் கொட்டாயிக்கு இன்னும் நூல்தான். நூல்ல நீலத்தூள் தடவி, ரெண்டு பேரு ரெண்டு முனையப் புடிச்சு, நடுவுல சுண்டி விட்டாக் கோடு விழும். அதுக்கு மேல பெயிண்டரு கைதான்.

இந்த வருசம் மாஸ்கிங் டேப்பு வாங்கி வெச்சாச்சு. மிச்சமிருந்த பிரவுன் டேப்புல, சென்னையில இருக்குற மகளுக்குத் தேங்காயும் கருப்பட்டியும் போட்ட பெட்டிய ஒட்டி அனுப்பினேன். பெட்டியப் பிரிக்கறதுக்குள்ள கத்தி முனை மழுங்கிருச்சுன்னு போன்ல திட்டுறா.