தாமாகவே வந்த முகங்கள்

கல்யாண வீட்டில் காமிராக்காரர் நம் பக்கம் திரும்பியதும் என்ன நடக்கிறது, கவனித்திருக்கிறீர்களா? அதுவரை கலகலவென்று பேசிக்கொண்டிருந்த நாம் சட்டென்று தலைப்பைச் சரி செய்துகொள்கிறோம். வராத சிரிப்பை வரவழைத்துக்கொள்கிறோம். நாம் நாமாகவே இருப்பது அத்தனை சிரமமான காரியம்!

அந்தச் சிரமமான காரியத்தை நம்பியே படம் எடுத்தார் ஹங்கேரி தேசத்து டைரக்டர் பேலா டார். ஏழு மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம்கூட எடுத்த பொறுமைசாலி அவர். ஆனால் நான் சொல்ல வந்தது, 1979-ல் வெளிவந்த அவருடைய முதல் படத்தைப் பற்றி. அதன் பெயரைத் தமிழில் 'குடும்பக் கூடு' என்று சொல்லலாம். புடாபெஸ்ட் நகரத்தில் குடியிருக்க வீடு கிடைக்காத திண்டாட்டம். கணவன் பட்டாளத்தில் இருக்க, மருமகள் குழந்தையுடன் மாமனார் வீட்டில் ஒண்டிக்கொண்டிருக்கிறாள். மாமனாரின் வார்த்தையோ ஊசி மாதிரி தைக்கும். எங்கோ கேட்ட கதையாக இருக்கிறதல்லவா? இதில் தோன்றியவர்கள் தொழில்முறை நடிகர்கள் அல்லர், சாதாரண ஜனங்கள். காமிரா அவர்கள் முகத்தருகே போய், அவசரப்படாமல் நிற்கிறது. அவர்களும் சொந்த வீட்டில் பேசுவது போலவே பேசுகிறார்கள்.

நம் ஊரிலும் அப்படி ஒரு முகம் உண்டு. 2022-ல் வெளிவந்த 'கடைசி விவசாயி' படத்தைப் பார்த்தவர்கள் மறந்திருக்கமாட்டீர்கள். விஜய் சேதுபதி இருந்தும், மணிகண்டன் டைரக்ட் செய்த அந்தப் படத்தின் கதாநாயகர், உசிலம்பட்டிப் பக்கத்து விவசாயிக் கிழவர் நல்லாண்டிதான். வயலில் அவர் குனிகிறபோது அந்த முதுகு நடிக்கவில்லை. ஆயுள் முழுவதும் குனிந்து பழகிய முதுகு அது. 2023-ல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதுகளில் அவருக்குச் சிறப்புப் பாராட்டு கிடைத்தது. பாவம், படம் வெளிவருவதற்கு முன்பே அவர் காலமாகிவிட்டார்.

இதே காமிரா வேறு விதமாகவும் பார்க்கும். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெதனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60-க்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். அன்றாடம் கூலிக்குப் போகிற குடும்பங்கள். நாம் கூடத்தில் உட்கார்ந்து டெலிவிஷனில் அந்தத் தெருவைப் பார்த்தோம். அந்தப் பெண்களும் நடிக்கவில்லை. ஆனால் அவர்கள் முன்னால் காமிரா காத்து நிற்கவில்லை. "எடுக்கலாமா, அம்மா?" என்று கேட்க யாருக்கு நேரம்? நானும் பத்திரிகைக்காரிதான், அந்த அவசரம் எனக்குத் தெரியும். கல்யாண வீட்டில் நமக்குக் கிடைத்த அந்த ஒரு கணம், தலைப்பைச் சரி செய்துகொள்ளும் அந்த ஒரு கணம், அவர்களுக்குக் கிடைக்கவில்லை.

நல்லாண்டிக் கிழவர் சம்மதித்து வந்து நின்றார். அதனால்தான் அந்த முகத்தில் அத்தனை கௌரவம். சம்மதம் கேளாமல் எடுத்த முகத்திலும் உண்மை இருக்கலாம். ஆனால் அது நமக்காகக் கொடுக்கப்பட்டதல்ல.

அடுத்த தடவை அழுகிற முகம் ஒன்று உங்கள் கைபேசிக்கு வந்தால், அதை மன்னிக்கும் நாலு பேருக்கும் மாமிக்கும் அனுப்புமுன் ஒரு நிமிஷம் நில்லுங்கள். அது யாரோ ஒருத்தியின் சொந்த முகம். அவளிடம் இருப்பது அது ஒன்றுதான்.