குரலும் ஒரு தொழில்தான்

படிவம் ஐந்து மாணவரிடம் “அடுத்து என்ன படிக்கப் போகிறாய்?” என்று கேட்டால் மருத்துவம், பொறியியல், கணக்கியல் என்று பதில் வரும். “நடிப்பு” என்று யாராவது சொல்லிவிட்டால் வீட்டில் சிரிப்பு எழும் அல்லது சண்டை வரும். நம் பெற்றோருக்கு நடிகர் என்றால் ஒன்று ரஜினி, இல்லையேல் வேலையில்லாதவர். இந்த இரண்டுக்கும் நடுவில் உழைத்துப் பிழைக்கும் கலைஞர்கள் நம் கண்ணில் படுவதே இல்லை.

அப்படிப்பட்ட ஒருவர் எம்.எஸ். பாஸ்கர். 2025 ஆகஸ்டில் அறிவிக்கப்பட்ட இந்தியாவின் 71ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில், ‘பார்க்கிங்’ படத்துக்காகச் சிறந்த துணை நடிகர் விருது அவருக்குக் கிடைத்தது. கார் நிறுத்தும் இடத்துக்காக மேல்வீட்டு இளைஞரோடு மோதி, கொஞ்சம் கொஞ்சமாகக் கெட்டுப்போகும் நேர்மையான அரசு அலுவலர் வேடம் அது.

விருது வந்த பிறகு எல்லாரும் பாராட்டினர். நாம் பார்க்க வேண்டியது அதற்கு முந்திய ஆண்டுகளை. மேடை நாடகத்தில் தொடங்கியவர் அவர். 1987இல் விசுவின் ‘திருமதி ஒரு வெகுமதி’ படத்தில் சிறிய வேடம். அதன்பின் பெரிய வாய்ப்பு எதுவும் தேடி வரவில்லை. பின்னணிக் குரல் கொடுத்தார். தெலுங்கு நடிகர் பிரம்மானந்தம் பல படங்களில் தமிழ் பேசுவது பாஸ்கரின் குரலில்தான். சின்னத்திரையில் ‘சின்ன பாப்பா பெரிய பாப்பா’ தொடரின் பட்டாபியாகச் சிரிக்க வைத்தார். மகனை இழந்த நாளோடு காலம் நின்றுபோன பேராசிரியராக ‘மொழி’யில் நம்மை அழ வைத்தது 2007இல். இடையில் 20 ஆண்டுகள்!

அந்த 20 ஆண்டுகளைக் காத்திருந்த காலம் என்று சொல்வது தவறு. அது கற்ற காலம். பின்னணிக் குரல் கலைஞருக்கு முகமும் இல்லை, கையசைவும் இல்லை. திரையில் இன்னொருவர் உதடு மூடும் இடத்தில் ‘ப’வோ ‘ம’வோ சரியாக வந்து விழ வேண்டும். அவர் மூச்சு வாங்கினால் இவரும் வாங்க வேண்டும். ஓர் அறைக்குள் ஒலிவாங்கியின் முன் நின்றபடியே ஓட வேண்டும், அழ வேண்டும். ‘8 தோட்டாக்கள்’ படத்தில் (2017) தம் வாழ்க்கைக் கதையைச் சொல்லும் நீண்ட காட்சியில், குரல் ஒன்றையே நம்பி அவர் நம்மைக் கட்டிப்போடுவது இந்தப் பயிற்சியால்தான் என்பது என் கருத்து.

நம் பள்ளிகளில் இந்தப் பயிற்சிக்கு இடம் இருக்கிறதா? தொடக்கப்பள்ளியில் கதை சொல்லும் போட்டிக்கு மேடையேறும் பிள்ளை, இடைநிலைப்பள்ளிக்குப் போனதும் வாய் மூடிக்கொள்கிறது. எஸ்.பி.எம். தமிழ் இலக்கியத்தில் நாடகம் உண்டு. அதையும் கேள்வி பதிலுக்காக மௌனமாகப் படிக்கிறோம். பேசுவதற்காக எழுதப்பட்ட நாடகத்தை ஒரு நாளாவது வகுப்பில் பேசிப் பார்க்க வேண்டாமா?

பெற்றோரின் அச்சத்தையும் தள்ளிவிட முடியாது. இத்தொழிலில் மாதாமாதம் சம்பளம் உறுதியில்லை. ஆகவே, கையில் ஒரு கல்வித் தகுதி இருக்கட்டும். ஆனால், இது படிப்பே இல்லை என்று மட்டும் சொல்லாதீர்கள். சுங்கை பாக்காப் மாணவர்களுக்கு நிபோங் திபாலில் உள்ள யு.எஸ்.எம். பொறியியல் வளாகம் நன்றாகத் தெரியும். தீவில் உள்ள அதன் முதன்மை வளாகத்தில் நாடகம் பயிலக் கலைப்பள்ளி இருப்பது எத்தனை பேருக்குத் தெரியும்? கோலாலம்பூரில் அஸ்வாராவும் உள்ளது. வானொலி, விளம்பரம், ஆவணப்படம், ஒலிநூல் என்று நல்ல குரலுக்கான தேவையும் பல இடங்களில் இருக்கிறது.

மாணவர்களே, டிக்டாக்கில் பிறர் குரலுக்கு வாயசைப்பது எளிது. ஒரு மாதம் அதை நிறுத்திவிட்டு, தினமும் நாளிதழின் ஒரு செய்தியை உரக்கப் படித்துப் பதிவு செய்து கேளுங்கள். உங்கள் ல, ழ, ள எப்படி ஒலிக்கிறது, மூச்சு எங்கே தடுமாறுகிறது என்பது தெரிந்துவிடும். சிறிய வேடம் கிடைத்தாலும் ஒதுக்காதீர்கள். முகம் தெரியாத வேலையை ஒழுங்காகச் செய்தவரைத்தான் தேசிய விருது தேடி வந்திருக்கிறது.