குடவோலையில் பெருமைப்பட ஒண்ணே ஒண்ணுதான் இருக்கு

மறுபடியும் அந்த ஃபார்வர்டு வந்துடுச்சு மக்களே. உத்திரமேரூர் கோயில் போட்டோ, மேலே பெரிய எழுத்தில் உலகத்துக்கே ஜனநாயகம் சொல்லிக்கொடுத்தவன் தமிழன், தமிழனா இருந்தா ஷேர் பண்ணு. ஊர்க்காரங்க குரூப்பில் ரெண்டு பேர், காலேஜ் குரூப்பில் ஒருத்தர். வந்த அஞ்சாவது நிமிஷம் எதிர்க்கோஷ்டியும் ஆஜர். அது பார்ப்பனர்கள் தங்களுக்குள்ள சீட்டு குலுக்கிக்கிட்ட கதை, இதில் உனக்கு என்ன பெருமைன்னு ஒரே போடு. ராத்திரி பதினோரு மணி வரைக்கும் கும்மி. இத்தனை பேரில் ஒருத்தராவது அந்தக் கல்வெட்டில் என்ன இருக்குன்னு படிச்சிருந்தா அஞ்சு நிமிஷத்தில் சண்டை முடிஞ்சிருக்கும்.

நான் சொல்லப்போறது ரெண்டு கோஷ்டிக்கும் பிடிக்காது. முதல்லயே சொல்லிடறேன்: உத்திரமேரூர் ஜனநாயகம் இல்லை. அதே சமயம் அதைத் தூக்கிக் குப்பையில் போடறவங்களும் ஒரு பெரிய விஷயத்தைத் தவற விடறாங்க. ஒரு ஊரில் சட்டம்ங்கறது எப்படிப் பிறக்குதுங்கறதுக்கு இந்தக் கல்லை விட நல்ல சாட்சி கிடைக்கறது கஷ்டம்.

முதல்ல விஷயம். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் ரெண்டு கல்வெட்டு. முதலாம் பராந்தக சோழனோட 12-ஆம் ஆட்சியாண்டில் (கி.பி. 919) ஒண்ணு, 14-ஆம் ஆண்டில் (921) ஒண்ணு. ஊர் முப்பது குடும்புகளா, அதாவது வார்டுகளா பிரிஞ்சிருக்கு. ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுள்ளவங்க பேரை ஓலையில் எழுதி, குடும்பு வாரியா கட்டி, குடத்தில் போடணும். சின்னவங்க பெரியவங்க எல்லாரும் இருக்கற மகாசபை நடுவில, கோயில் நம்பிமாரில் வயசானவர் குடத்தை எல்லாரும் பார்க்கற மாதிரி தூக்கிக் காட்டணும். விவரம் தெரியாத ஒரு சின்னப் பையன் ஒரு கட்டை எடுக்கணும். அதை வேற குடத்தில் போட்டுக் குலுக்கி, அதிலிருந்து ஒரு ஓலையை அவனே எடுத்துக் கொடுக்கணும். வாங்கற மத்தியஸ்தன் அஞ்சு விரலையும் விரிச்சு உள்ளங்கையில் வாங்கணும். அவர் படிச்சதும், அங்கே இருக்கற நம்பிமார் எல்லாரும் அதே ஓலையைப் படிக்கணும்.

அந்த அஞ்சு விரல் விஷயத்தைக் கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. எதுக்கு அவ்வளவு நுணுக்கமா கல்லில் வெட்டணும்? யாரோ ஒரு புண்ணியவான் விரல் இடுக்கில் வேற ஓலையை வெச்சு மாத்தியிருக்கணும். இல்லைன்னா மாத்திடுவான்னு ஊருக்கே பயம் இருந்திருக்கணும். சாஃப்ட்வேர் வேலையில் இருக்கறவங்களுக்கு இது சட்டுனு புரியும். கோடில் விசித்திரமா ஒரு கண்டிஷன் இருந்தா, அதுக்குப் பின்னாடி ஒரு ராத்திரி எவனோ தூங்காம உக்காந்திருந்த கதை இருக்கும். உத்திரமேரூர் கல்வெட்டு பூரா அந்த மாதிரி கண்டிஷன்தான்.

இப்போ பெருமை கோஷ்டிக்கு வரேன். யார் பேரை ஓலையில் எழுதலாம்? வரி கட்டற நிலம் கால் வேலிக்கு மேல சொந்தமா இருக்கணும். சொந்த மனையில் வீடு கட்டிக் குடியிருக்கணும். 35-லிருந்து 70 வயசுக்குள்ள இருக்கணும். மந்திர பிராமணம் தெரிஞ்சிருக்கணும். ஒரு வேதமும் ஒரு பாஷ்யமும் படிச்சவரா இருந்தா அரைக்கால் வேலி நிலம் போதும். ஊர் பேரே உத்தரமேரூர் சதுர்வேதிமங்கலம், பிராமணர்களுக்குக் கொடுத்த ஊர். பொண்ணுங்களுக்கு ஓலை கிடையாது. அந்த ஏரித் தண்ணியில் சேத்தில் இறங்கி நாத்து நட்ட ஆளுக்குக் கிடையாது. அடுத்த நூற்றாண்டு ஆரம்பத்துத் தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் பறைச்சேரி, தீண்டாச்சேரின்னே பேர் வருது. அந்தச் சேரிக்காரங்க பேர் எந்தக் குடத்திலும் விழலை. போதாக்குறைக்கு, இந்த விதிகளைச் செஞ்சப்போ 919-லும் சரி, 921-லும் சரி, ராஜாவோட அதிகாரி பக்கத்திலேயே உக்காந்திருந்தார். இதைப் போய் ஜனநாயகம்னா, அப்பார்ட்மெண்ட் ஓனர்கள் சங்கத்தை நாடாளுமன்றம்னு சொல்லணும்.

முதல்னு சொல்றதும் சரியில்லை. திருநெல்வேலிப் பக்கம் மானூரில் பாண்டியன் மாறஞ்சடையன் காலத்துக் கல்வெட்டு ஒண்ணு இருக்கு, ஏறக்குறைய கி.பி. 800. உத்திரமேரூருக்கு நூறு வருஷம் முன்னாடி. சபையில் யார் பேசலாம்னு அதிலும் விதி இருக்கு. எல்லாத்தையும் விட எனக்குப் பிடிச்சது, கொண்டுவர்ற ஒவ்வொரு விஷயத்துக்கும் வேணும்னே வேண்டாம் வேண்டாம்னு மறிக்கற ஆளுக்கு அஞ்சு காசு அபராதம். நம்ம பதிவுலகத்தில் இந்த விதி இருந்தா பாதிப் பேர் போண்டியாயிடுவோம் :-)

சரி, எதிர்க்கோஷ்டி கைதட்டறதுக்கு முன்னாடி அவங்க பக்கமும் போயிடலாம். நிலமும் வேதமும் இருந்தவங்க கூட்டம், அதனால பார்க்க ஒண்ணும் இல்லைங்கறது உங்க வாதம். ஏதென்ஸிலும் பெண்களுக்கும் அடிமைகளுக்கும் இடமில்லை. அங்கேயும் சீட்டுக் குலுக்கல், அங்கேயும் ஒரு வருஷப் பதவி, அங்கேயும் பதவி முடிஞ்சதும் கணக்குச் சோதனை. அதை மட்டும் பாடப் புத்தகத்தில் வெச்சுப் படிக்கறோம். யாரை வெளியே நிறுத்தினாங்கன்னு சொல்லிட்டு, உள்ளே இருந்தவங்க ஒருத்தரை ஒருத்தர் எப்படிக் கட்டிப்போட்டாங்கன்னும் பார்க்கணும். மேல்சாதிக்காரன் மேல்சாதிக்காரனை நம்பாம எழுதி வெச்ச விதிகள் இவை. சட்டத்தோட கதையில் அது சின்ன விஷயம் இல்லை.

கல்வெட்டில் நான் திரும்பத் திரும்பப் படிச்ச பகுதி இதுதான். வாரியத்தில் இருந்துட்டு கணக்குக் காட்டாம போனவன் பேரை ஓலையில் எழுதக்கூடாது. அவன் மட்டுமா? அவனோட அப்பா, மகன், கூடப்பிறந்தவங்க, சித்தி பெரியம்மா மகன்கள், அத்தை மகன், மாமன் மகன், தாய்மாமன், அப்பா கூடப்பிறந்தவங்க, மாமனார், மச்சான், அக்கா தங்கை புருஷன், அவங்க பிள்ளைங்க, மருமகன். இத்தனை பேரும் அவுட்! தமிழ்நாட்டில் ஊர்ப்பணம் எந்த வழியா எல்லாம் கைமாறும்னு இவ்வளவு சுத்தமா லிஸ்ட் போட்டவன் நம்ம சொந்தபந்தத்தை நல்லாத் தெரிஞ்சவன். தான் போக முடியலைன்னா மச்சானை நிறுத்தற டெக்னிக் ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே இருந்திருக்கு. அதுக்குப் பூட்டும் இருந்திருக்கு.

இன்னும் இருக்கு. போன மூணு வருஷத்துக்குள்ள வாரியத்தில் இருந்தவன் மறுபடி வரக்கூடாது. கழுதை மேல ஏத்தப்பட்டவன், பொய் ஓலை எழுதினவன், அடுத்தவன் பொருளைத் திருடினவன் வரக்கூடாது. பதவி 360 நாள். நடுவில குத்தம் செஞ்சது தெரிஞ்சா உடனே நீக்கணும். கணக்கு எழுதறவனுக்குத் தனி விதி: எழுதின கணக்கை அவனேதான் வந்து காட்டணும், முடிச்சுக் கொடுக்க வேற கணக்கனைக் கூட்டிட்டு வரக்கூடாது. காட்டி, சுத்தமானவன்னு பெரியவங்க சொன்னாத்தான் அடுத்த தடவை எழுதலாம்.

முதல் கல்வெட்டுக்கும் இரண்டாவதுக்கும் இடைவெளி ரெண்டே வருஷம். 919-ல் வயசு வரம்பு 30-லிருந்து 60. 921-ல் அது 35-லிருந்து 70 ஆயிடுச்சு, தகுதி விதிகளும் விரிவாயிடுச்சு. வெர்ஷன் ஒண்ணு ப்ரொடக்‌ஷனுக்குப் போச்சு, ஓட்டை தெரிஞ்சது, வெர்ஷன் ரெண்டு வந்தது. எங்க டீமில் ரெண்டு வருஷமா திறந்தே கிடக்கற பக் எத்தனையோ இருக்கு. இவங்க கல்லில் உளி வெச்சு பேட்ச் போட்டிருக்காங்க.

சட்டத்தின் பிறப்பு பத்திப் பேசறப்போ எல்லாரும் ஹென்றி மெய்னை இழுப்பாங்க. 1861-ல் பண்டைய சட்டம் பத்திப் புத்தகம் எழுதின ஆங்கிலேயர், அப்புறம் வைஸ்ராய் சபையில் சட்ட உறுப்பினரா இங்கேயே வந்து உக்காந்தவர். இந்தியக் கிராமத்துப் பெரியவங்க புதுசா சட்டம் போடறதில்லை, ஏற்கெனவே இருக்கற வழக்கத்தை எடுத்துச் சொல்றாங்க, அவ்வளவுதான்ங்கறது அவர் கருத்து. பாவம், 1888-லேயே போய்ச் சேர்ந்துட்டார். வெங்கய்யா உத்திரமேரூர் கல்வெட்டுகளைப் பத்தி தொல்லியல் துறை அறிக்கையில் எழுதினது 1904-05-க்கு. வியவஸ்தை செஞ்சோம்னு சபை தானே சொல்லுது அந்தக் கல்லில். வழக்கத்தை ஒப்பிக்கறவன் ரெண்டே வருஷத்தில் வயசு வரம்பை மாத்துவானா?

அப்போ எதுக்காகச் சட்டம் போட்டாங்க? வாரியங்களோட பேரைப் பாருங்க, பதில் இருக்கு. சம்வத்சர வாரியம் 12 பேர், தோட்ட வாரியம் 12 பேர், ஏரி வாரியம் 6 பேர், பொன் வாரியம் 6 பேர், பஞ்சவார வாரியம் 6 பேர். தோட்டம், ஏரி, பொன். எல்லாருக்கும் பொதுவான சொத்து, எவன் வேணும்னாலும் கைவைக்கக்கூடிய சொத்து. பாபிலோனில் ஹம்முராபி சட்டத்தில் (ஏறக்குறைய கி.மு. 1750) ஒரு விதி: கரையைப் பலப்படுத்தாம சோம்பேறியா இருந்து, உடைப்பெடுத்து அடுத்தவன் வயல் அழிஞ்சா, நஷ்டமான தானியத்தை இவன் கொடுக்கணும். ரோமில் கி.மு. 450 வாக்கில் சட்டத்தைப் பன்னிரண்டு பலகையில் எழுதி வெச்சது, அதைப் பெரிய குடும்பங்கள் மனசுக்குள்ளயே வெச்சுக்கிட்டு இஷ்டத்துக்கு ஆடினதாலதான். எங்கே பார்த்தாலும் ஒரே கதை: பொதுச் சொத்து, அதைப் பார்த்துக்கற ஆள், அந்த ஆள் மேல சந்தேகம். இந்த மூணும் சேர்ந்த இடத்தில்தான் எழுதின சட்டம் வருது.

எங்க ஊர் தென்னேரி. திரையன் ஏரிதான் தென்னேரி ஆச்சுன்னு சொல்வாங்க. ஊர் பேரே ஏரி. ஏரிக்கரை ஊரில் வளர்ந்தவனுக்கு இதை யாரும் விளக்க வேண்டாம். கரை ஒருத்தனுக்குச் சொந்தமில்லை, உடைஞ்சா எல்லாருக்கும் போச்சு. மதகை முன்னாடி எவன் திறக்கறதுங்கறதுக்கு ஒரு விதி இல்லைன்னா அரிவாள்தான் விதி. உத்திரமேரூர்க்காரங்களுக்கும் வயிரமேக தடாகம்னு ஒரு பெரிய ஏரி இருந்தது. வேதம் படிச்சவங்களும் தண்ணிக்கு அதைத்தான் நம்பி இருந்தாங்க.

இப்போ என் கோபத்துக்கு வரேன்.

2020 டிசம்பர் 10. டெல்லியில் புது நாடாளுமன்றத்துக்கு அடிக்கல். பிரதமர் மோடி மேடையில் உத்திரமேரூர் கல்வெட்டைச் சொல்லிப் பெருமைப்பட்டார். நம்ம மக்களும் புல்லரிச்சு ஷேர் பண்ணித் தள்ளினாங்க. அன்னைக்கு உத்திரமேரூரில் தேர்ந்தெடுக்கப்பட்ட உள்ளாட்சி மன்றம் எது? எதுவுமே இல்லை. 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிஞ்சதிலிருந்து தனி அலுவலர் ஆட்சி. காஞ்சிபுரம் மாவட்டத்து ஊராட்சிகளுக்குத் தேர்தல் நடந்தது 2021 அக்டோபரில்தான். உத்திரமேரூர் பேரூராட்சிக்கு 2022 பிப்ரவரியில். முழுசா அஞ்சு வருஷம்! குடவோலை பிறந்த மண்ணில் ஒரு ஓலை கூட விழலை. இட ஒதுக்கீடு வழக்கு, வார்டு வரையறை, மாவட்டப் பிரிப்புன்னு காரணம் ஆயிரம். பதவிக்காலம் முடியறதுக்குள்ள அடுத்த தேர்தலை நடத்தணும்னு அரசியல் சட்டம் 243-இ சொல்லுது, அதுவும் எழுத்தில்தான் இருக்கு. மத்த மாவட்டங்களில் 2019 டிசம்பரில் தேர்ந்தெடுத்த ஊராட்சிகளுக்கு 2025 ஜனவரியில் காலம் முடிஞ்சது. உடனே மறுபடியும் தனி அலுவலர்கள்.

அந்த அஞ்சு வருஷத்தில் இதைப் பத்தி எத்தனை ஃபார்வர்டு வந்தது? ஆட்சியில் இருந்தவங்களை விடுங்க, நாம எத்தனை பதிவு போட்டோம்? ஆயிரத்து நூறு வருஷத்துக்கு முந்தின ஓலைக்கு மார்தட்டத் தெரிஞ்ச நமக்கு, நம்ம ஊர் ஓலை காணாமப் போனது கண்ணில் படலை. பெருமை கோஷ்டியும் பேசலை, எதிர்க்கோஷ்டியும் பேசலை. சேரிக்கும் பொண்ணுங்களுக்கும் அந்தக் குடத்தில் இடமில்லைன்னு சரியாத்தான் சொன்னாங்க எதிர்க்கோஷ்டி. இடம் கிடைச்சது 73-வது திருத்தத்தாலயும் 1994 தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தாலயும். தேர்தல் நின்னா முதல்ல பறிபோறது அவங்க நாற்காலிதானே? அதுக்காகவாவது குரல் கொடுத்திருக்க வேண்டாமா?

அதனால பெருமைப்படணும்னா ஒண்ணே ஒண்ணுக்குப் படுங்க. கணக்குக் காட்டாதவனையும் அவன் மச்சானையும் சேர்த்து வெளியே நிறுத்தின தைரியத்துக்குப் படுங்க. அந்தப் பெருமையை ஷேர் பண்ண முடியாது, செஞ்சுதான் காட்டணும். 2022-லிருந்து வருஷத்துக்கு ஆறு கிராம சபை: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. சென்னையிலும் பெங்களூரிலும் உக்காந்திருக்கற நம்மில் பாதிப் பேருக்கு ஓட்டு இன்னும் ஊரில்தான் இருக்கு, அப்போ நாமளும் அந்தச் சபையில் உறுப்பினர்தான். ஒரு தடவை போங்க. ஏரி வேலைக்கு எவ்வளவு வந்தது, எவ்வளவு போச்சு, யார் எழுதினது, அவரே வந்து காட்டுவாரான்னு கேளுங்க. கேட்டதையும் கிடைச்ச பதிலையும் பதிவாப் போடுங்க, நான் வந்து பின்னூட்டம் போடறேன்.

டிஸ்கி: குடவோலை ஃபார்வர்டை இந்தப் பதிவின் பின்னூட்டத்தில் ஒட்டறவங்களுக்கு மானூர் விதிப்படி அஞ்சு காசு அபராதம். கணக்கை நானே எழுதுவேன், நானே காட்டுவேன்.